மஞ்சள் தடவிய கருடன்

பொழிச்சலூரில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. மொட்டைமாடிக் கொடித்துணியை உரசிக்கொண்டு விமானம் தலைக்கு மேல் போகும்போது பேசிக்கொண்டிருப்பதை அப்படியே பாதியில் நிறுத்திவிடுவார்கள், சத்தம் அடங்கியதும் விட்ட சொல்லிலிருந்து பிடித்துக்கொள்வார்கள். கல்யாண வீட்டில் வாழ்த்தும்போதும் சரி, எழவு வீட்டில் ஒப்பாரி வைக்கும்போதும் சரி, குழாயடியில் ஒருத்தி இன்னொருத்தியின் ஏழு தலைமுறையை இழுக்கும்போதும் சரி, வாய் பாதியில் நின்று காத்திருக்கும். புண்ணியகோடி அந்த ஊர்க்காரர். பாதியில் நிறுத்துகிற அந்த வித்தைதான் பின்னாளில் அவரை மேகலா ஏர்வேஸின் நாற்காலிகளில் ஒவ்வொன்றாக ஏற்றி உட்காரவைத்தது, ஏனென்றால் பெரிய உத்தியோகத்தில் ஒரு வாக்கியத்தை முழுதாகப் பேசி முடிக்கிறவன் அதிக நாள் நிலைப்பதில்லை.

டை கட்டிக்கொண்டு டிக்கெட் கவுண்டரில் நின்ற காலத்திலேயே அவர் முதலாளிக்கு ஒரு யோசனை சொன்னார். விமானம் கிளம்புமுன் பணிப்பெண் தட்டேந்தி வந்து புளிப்பு மிட்டாயும் காதில் வைத்துக்கொள்ளப் பஞ்சும் கொடுக்கிற காலம் அது. பஞ்சு இல்லாவிட்டால் எவனுக்கும் காது அறுந்து விழுந்துவிடாது என்றார் புண்ணியகோடி. பஞ்சு போனது, அவர் சூப்பர்வைசர் ஆனார். மிட்டாய் போனது, மேனேஜர் ஆனார். செய்தித்தாள் போய், தலையணை போய், குடிக்கிற தண்ணீர் விலைக்கு வந்து, முன்சீட்டு முட்டியில் இடிக்கும்படி இன்னொரு வரிசை நாற்காலி நுழைந்து, கடைசியில் குமட்டல் வந்தவர்களுக்கென்று சீட்டுப் பையில் செருகிவைத்திருக்கும் காகிதப் பையும் போனபோது அவர் ஆபரேஷன்ஸ் வைஸ் பிரெசிடெண்ட் ஆகியிருந்தார். மனிதர்களிடமிருந்து எதைப் பிடுங்கினாலும் ஒரு வாரம் முணுமுணுப்பார்கள், அப்புறம் அது இல்லாமலே பழகிப்போவார்கள் என்பது அவர் கண்ட ஞானம். நினைத்தாலே வயிற்றைப் புரட்டுகிற ஞானம்தான், ஆனால் ஒரு தடவைகூட அது பொய்த்ததில்லை.

பிடுங்க வேறொன்றும் மிச்சமில்லாமல் போனபோது இன்ஜின் பக்கம் திரும்பினார். தலைமை இன்ஜினியர் பெஞ்சமின் துரைராஜ் கண்ணாடியைத் துடைத்தபடி அவர் அறையில் வந்து நின்றார்.

"சார், இந்த மாடல் இன்ஜின்ல உள்ள சுத்தற பிளேடெல்லாம் களைச்சுப்போச்சு. ஒவ்வொண்ணா வெடிப்பு விட ஆரம்பிக்கும். மொத்தத்தையும் மாத்திடணும்."

"இப்ப ஓடுதா இல்லையா?"

"ஓடுது சார்."

"அப்ப..." என்று புண்ணியகோடி நிறுத்தினார். மேலே விமானம் எதுவும் போகவில்லை. மிச்சத்தைப் பெஞ்சமின் தானே நிரப்பிக்கொண்டு வெளியே போனார், அவருக்கு வயதுக்கு வந்த இரண்டு பெண்கள் இருந்தார்கள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, தூத்துக்குடிக்குப் புறப்பட்ட விமானம் ரன்வேயில் முழு வேகத்தில் ஓடும்போது இன்ஜினுக்குள் ஒரு பிளேடு உடைந்து, அது மற்றதையெல்லாம் உடைத்து, பைலட் பிரேக்கை மிதித்த மிதியில் விமானம் ரன்வே தாண்டிச் சேற்றில் மூக்கைச் சொருகிக்கொண்டு நின்றது. சாவு இல்லை. அவசர வழிச் சறுக்குப் பலகையில் இறங்கிய ஒரு பணிப்பெண்ணுக்குக் கால் ஒடிந்தது. சேர்மன் குழந்தைசாமி கரூரிலிருந்து போன் செய்தார். பஸ் கம்பெனி நடத்தி விமானக் கம்பெனிக்கு வந்தவர், கம்பெனிக்குத் தாயார் பெயரை வைத்தவர்.

"ஏப்பா புண்ணியம், பறவை ஏதாச்சும் அடிச்சுப்போட்டுதா?"

"அடிச்சிருக்கலாம்ங்க."

"லாம்னெல்லாம் இழுக்காத. பிளேடுன்னு எழுதினா அந்த மாடல் வண்டி அத்தனையும் நிறுத்திப்போடுவாங்க. பறவைன்னு எழுதினா அது ஆண்டவன் செயலு. அடிச்சுதுன்னு சொல்லு."

விசாரணை அதிகாரி வருவதற்குள் இன்ஜினுக்குள் ஒரு பறவை இருந்தாக வேண்டும். புண்ணியகோடி காரை எடுத்துக்கொண்டு பம்மலில் மஸ்தான் பாய் கறிக்கடைக்கு ஓடினார். கலியாணமான நாள்முதல் வாராவாரம் அங்கேதான் கறி வாங்குகிறார். பழுப்பு இறகோடு கொழுத்த நாட்டுக்கோழி ஒன்றைக் கைகாட்டினார். ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் மஸ்தான் பாய் நிமிர்ந்துகூடப் பார்க்காமல், எல்லாரிடமும் கேட்கிற மாதிரியே, "வாட்டி மஞ்சத் தடவிடட்டுமா சார்?" என்று கேட்டார். இன்ஜின் நினைப்பில் இருந்த புண்ணியகோடி, இத்தனை வருஷமும் எப்படித் தலையாட்டினாரோ அப்படியே ஆட்டிவிட்டார்.

காரில் உட்கார்ந்து கறுப்புப் பையைப் பிரித்த பிறகுதான் பார்த்தார். இறகு பிடுங்கி, தீயில் வாட்டி, மேலெல்லாம் மஞ்சள் தடவி, தலையையும் கால் பாதங்களையும் வெட்டி, வயிற்றைக் கீறிக் குடலை வழித்தெடுத்து, சமையலுக்குத் தயாராக இளஞ்சூட்டோடு கிடந்தது கோழி. இன்னொன்று வாங்க நேரமில்லை. இறங்கிப்போய்க் கடைக்குப் பின்னால் இருந்த கழிவு டின்னில் கைவிட்டு ஒரு பிடி இறகை அள்ளிக்கொண்டு வந்தார். சேற்றில் நின்ற விமானத்தடியில் வைத்து அவர் அதை இன்ஜின் வாய்க்குள் திணிப்பதைப் பெஞ்சமின் பார்த்துக்கொண்டு நின்றார்.

"சார், தலை இல்லையே."

"பிளேடு வெட்டியிருக்கும்."

"மஞ்சள்?"

புண்ணியகோடி கையிலிருந்த இறகை அதன்மேல் அப்பினார்.

அதிகாரி மூக்கில் கைக்குட்டையை வைத்துக்கொண்டு எட்டத்தில் நின்றே எட்டிப் பார்த்தார். இறகு தெரிந்தது, சதை தெரிந்தது, அவருக்குச் சாப்பாட்டு நேரம் தெரிந்தது. என்ன பறவை என்று கேட்டார். பொழிச்சலூர் வானத்தில் சின்ன வயதில் வட்டமடித்துப் பார்த்தது நினைவுக்கு வர, "செம்பருந்து" என்றார் புண்ணியகோடி. வெள்ளைக் கழுத்தும் செம்பழுப்பு இறக்கையுமாக அது தலைக்கு மேல் வட்டமிட்டால் நம் சனங்கள் கருடன் என்று கன்னத்தில் போட்டுக்கொள்வார்கள். அப்படியே எழுதப்பட்டது. அந்த மாடல் விமானங்கள் மறுநாளும் பறந்தன.

அறிக்கை ஏற்கப்பட்ட செய்தி வந்த அடுத்த காலை, பல்லாவரம் அடுக்குமாடி வீட்டில் அவர் காபி டம்ளரைக் கையில் எடுத்த நேரத்தில், பால்கனிக் கம்பியில் அது வந்து உட்கார்ந்தது. எழுதினது பாதியும் செய்தது பாதியுமாக வந்திருந்தது. கழுத்துவரைக்கும் அறிக்கையில் உள்ளபடி அசல் செம்பருந்து, வெள்ளைத் தலை, வளைந்த அலகு, இமைக்காத கண். கழுத்துக்குக் கீழே மஸ்தான் பாய் கைவேலை. இறகில்லாத மஞ்சள் தோல், அங்கங்கே தீ நக்கிய கறுப்பு, கீறின வயிறு, முட்டியோடு நின்றுபோன இரண்டு கால். கழிவு டின்னிலிருந்து அள்ளிய இறகுகள் அள்ளின மாதிரியே அங்கொன்றும் இங்கொன்றுமாக ஒட்டிக்கொண்டிருந்தன. பொசுங்கின மயிர் நாற்றமும் மண்ணெண்ணெய் போன்ற விமான எரிபொருள் நாற்றமும் சேர்ந்து அடித்தது.

அவர் மனைவி அம்சவேணி சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தாள்.

"என்னங்க, குக்கர்ல இருக்க வேண்டியது பால்கனில நிக்குது?" என்றாள். சொல்லிவிட்டு ஓடிப்போய்த் தொட்டியில் வாந்தி எடுத்தாள்.

புண்ணியகோடிக்கு அது யார் என்று பார்த்ததும் தெரிந்துவிட்டது. துடைப்பத்தால் தள்ளினார். அது நொண்டி நொண்டி உள்ளே வந்து சாப்பாட்டு மேசைமேல் ஏறி அவருக்கு எதிரே உட்கார்ந்தது. அவர் தட்டிலிருந்த தயிர்சாதத்தைக் கொத்தியது. விழுங்கின ஒவ்வொரு பருக்கையும் ஈரலும் கந்தனக்காய் என்கிற இரைப்பையும் இல்லாத வெற்று வயிற்றுக்குள் இறங்கி, கீறல் வழியாகச் சொத்தென்று மேசையில் விழுந்தது. விழுந்ததை அது திரும்பிப் பார்க்கவில்லை, அவரைத்தான் பார்த்தது.

நாற்றம் நான்காவது மாடியிலிருந்து கீழ்த்தளம் வரைக்கும் இறங்க அதிக நேரம் ஆகவில்லை. எதிர்வீட்டுத் தேசிகன், குடியிருப்போர் சங்கச் செயலாளர், வங்கியில் ஓய்வுபெற்றவர், மாமிசக் கழிவை இப்படிப் போட்டுவைப்பது சங்க விதிக்கு விரோதம் என்று சொல்லக் கதவைத் தட்டினார். கதவு திறந்தது, வெள்ளைக் கழுத்து தெரிந்தது, அவர் இரண்டு கையாலும் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

"பெருமாளே! கருடாழ்வாரே நேர்ல எழுந்தருளியிருக்கார்! திருமேனி எப்படிப் பொன்னா ஜொலிக்கறது பாருங்கோ!"

"சார், அது மஞ்சள்..." என்று புண்ணியகோடி ஆரம்பித்தார். அப்போது பார்த்து மேலே ஒரு விமானம் போயிற்று. அது போய் முடிவதற்குள் தேசிகன் தரையில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்திருந்தார், அம்சவேணி வாயைத் துடைத்துக்கொண்டு வந்து அவருக்குப் பக்கத்தில் விழலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டு நின்றாள், புண்ணியகோடி விட்ட சொல்லிலிருந்து பிடிக்கவில்லை.

அதற்குப் பிறகு நடந்ததையெல்லாம் சொன்னால் சோறு இறங்காது, ஆனாலும் சொல்லித்தான் ஆகவேண்டும். முதல் வாரம் படியேறி வந்தவர்கள் மூக்கைப் பிடித்துக்கொண்டு கும்பிட்டார்கள். இரண்டாம் வாரம் மூக்கிலிருந்து கையை எடுத்துவிட்டுக் கும்பிட்டார்கள். மூன்றாம் வாரம் நீட்டி மூச்சிழுத்து, "ஹோமப் புகை மாதிரின்னா இருக்கு" என்றார்கள். வயிற்றுக் கீறல் வழியாக விழும் தயிர்சாதத்தைத் தேசிகன் வெள்ளிக் கிண்ணம் வைத்து ஏந்தினார். உண்டது உடம்பில்கூடத் தங்காத அளவுக்குச் சுத்தம், இதைவிடப் பரிசுத்தம் உலகத்தில் உண்டா என்று அவர் கேட்க, வரிசையில் நின்றவர்கள் உள்ளங்கையை நீட்டி வாங்கி, அந்த ஈரத்தோடு வாயில் போட்டுக்கொண்டு மிச்சத்தைத் தலையில் தடவிக்கொண்டார்கள். படித்தவர்கள், பிள்ளைகளை அமெரிக்காவில் வைத்திருப்பவர்கள், குடிதண்ணீரை மூன்று தடவை வடிகட்டிக் குடிக்கிறவர்கள். அம்சவேணி பட்டுப்புடவை கட்டி வாசலில் உட்கார்ந்து குங்குமம் கொடுக்க ஆரம்பித்தாள். கல்யாண வயதில் பெண் வைத்திருந்தவர்கள் கருடன் இறங்கின பிளாக்கில் வீடு இருக்கிறது என்று வரன் வீட்டாரிடம் சொன்னார்கள். பறவையைத் தினமும் பார்க்க முடியாத பக்கத்துத் தெருக்காரர்கள் சாயங்காலம் விளக்கேற்றியதும் ஒரு துளி மண்ணெண்ணெயில் சீப்பு மயிரைப் பொசுக்கி வீட்டுக்குள் காட்டினார்கள். ஒரு ஊதுபத்திக் கம்பெனி அதே வாசனையில் பத்தி போட்டது. நன்றாக விற்றது.

சேர்மன் குழந்தைசாமி கரூரிலிருந்து வந்து செருப்பைக் கீழ்த்தளத்திலேயே கழற்றிவிட்டு ஏறினார். கும்பிட்டு முடித்ததும் கண்ணில் நீரோடு புண்ணியகோடியின் தோளைத் தட்டினார்.

"நம்ம வண்டில அடிபட்டும் சாவாம நம்மளத் தேடி வந்துருக்குதே, இதுக்கு மேல என்னப்பா வேணும்?"

விமானத்தின் வாலில் பறவை வரையப்பட்டது. பணிப்பெண்களின் சீருடை மஞ்சளாயிற்று. பைலட்டுகள் வேலைக்குப் போகுமுன் பால்கனிக்கு வந்து அந்த முட்டிக்காலைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். கருடன் காப்பாற்றுகிற விமானம் என்று கூட்டம் அலைமோதியது, முட்டி இடிப்பதைப் பற்றி யாரும் புகார் சொல்லவில்லை. பாதியில் பேச்சை நிறுத்தத் தெரிந்த பொழிச்சலூர்ப் பையன் அந்த வருஷம் கம்பெனியின் தலைமை நிர்வாக அதிகாரி ஆனார்.

அவருக்கு மட்டும் பழகவில்லை. மனிதர்கள் எதற்கும் பழகிவிடுவார்கள் என்ற அவருடைய ஞானம் அவர் விஷயத்தில் மட்டும் வேலை செய்யவில்லை. காலையில் பல் துலக்கும்போது ஓங்கரித்தார். தாளித்த வாசனை வந்தால் எழுந்து போனார். மஞ்சள் போட்ட எதையும் தொடமுடியாமல் மோர்சாதமும் ரொட்டியுமாக இளைத்தார். பறவையைவிட அதிகமாக அவரைப் புரட்டியது அதன் முன்னால் நீளும் கைகள்தான். ஒருநாள் பறவையைக் கோயம்புத்தூர் அலுவலகத்துக்கு விமானத்தில் கொண்டுபோனார்கள். பக்கத்து சீட்டில் வெள்ளித்தட்டில் அது உட்கார்ந்து அவரையே பார்த்துக்கொண்டு வர, வயிறு தொண்டைக்கு ஏற, அவர் கை தானாக முன்சீட்டுப் பைக்குள் போய்த் துழாவியது. காகிதப் பை இல்லை. எடுத்தது யாரென்று அவருக்குத் தெரியும். அத்தனை பேர் பார்க்க, வாய்க்கு வந்ததை அவர் திரும்ப விழுங்கினார்.

அன்றைக்கு ஊர் திரும்பி இறங்கின கையோடு பறவையைக் கறுப்புப் பையில் போட்டுக்கொண்டு மஸ்தான் பாய் கடைக்குப் போனார்.

"பாய், இத அறுத்துடுங்க. நீங்க என்ன கேட்டாலும்..."

மஸ்தான் பாய் பையைத் திறந்து பார்த்தார். கத்தியைக் கீழே வைத்தார்.

"சார், இத நான் ஏற்கெனவே ஒரு தடவ அறுத்துட்டேன்."

"தெரியும் பாய். இன்னொரு தடவ..."

"ஒரு உயிர ஒரு தடவதான் சார் எடுக்க முடியும். இது எங்கிட்ட வந்த கோழியா இருந்தப்போ நான் எடுத்துட்டேன். இப்ப இதுல இருக்கறது நீங்க குடுத்தது. எடுத்துட்டுப் போங்க, கஸ்டமர் நிக்கறாங்க."

கடையில் நின்றவர்கள் அதற்குள் பறவையைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டிருந்தார்கள்.

ஆயுத பூஜைக்கு முந்தின வாரம் பெஞ்சமின் வந்தார். கண்ணாடியைத் துடைக்கவில்லை.

"சார், மதுரை ரூட்ல ஓடற வண்டி. அதே மாடல். பிளேடு அடியில வெடிப்பு விரல் நீளத்துக்கு வந்துருச்சு. நானே பார்த்தேன். அடுத்த தடவ அது ரன்வேயில உடையாது சார், மேல போய்தான் உடையும்."

புண்ணியகோடி சேர்மன் முன்னால் போய் நின்றார். வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு வாக்கியத்தை முழுசாகச் சொன்னார்.

"ஐயா, மதுரை வண்டிய நிறுத்தணும், அந்த மாடல் எல்லாத்தையும் நிறுத்தணும், இல்லேன்னா நூத்துக்கணக்குல சனம் செத்துரும்."

குழந்தைசாமிக்குக் கோபம் வரவில்லை. அதுதான் சகிக்க முடியாததாக இருந்தது. கருணையோடு சிரித்தார்.

"எதுக்கப்பா பதறுற? அப்படி ஏதாச்சும் ஆனா, அதான் நம்மகிட்ட பறவை இருக்குதே."

அவர் சொன்னது முழுதாகப் புரிய புண்ணியகோடிக்குக் கொஞ்ச நேரம் ஆயிற்று. மேகத்துக்கு நடுவே விமானம் ஒடிந்து விழுந்தாலும், வயல்களில் சடலம் பொறுக்கினாலும், கருடன் அழைத்துக்கொண்டான் என்று இவர்கள் எழுதுவார்கள். கேட்கிறவர்களும் கன்னத்தில் போட்டுக்கொள்வார்கள். மயிர் பொசுங்கும் நாற்றத்தைக் கோயிலாக்கினவர்கள் அதையும் ஆக்குவார்கள். மாடிப்படி இறங்கி வரும்போது அவருக்குத் தன் உடம்பின்மேலேயே அருவருப்பாக இருந்தது, ஏனென்றால் அந்தப் பதிலைச் சொல்ல முதலாளிக்குப் பறவையைக் கொடுத்தவர் அவர்தான்.

அன்று சாயங்காலம் சங்கக் கூட்டத்தில் பறவைக்குக் கோபுரம் எழுப்புவது பற்றிப் பேசிக்கொண்டிருந்தபோது எழுந்து நின்று எல்லாவற்றையும் சொன்னார். பிளேடு உடைந்ததை, கறிக்கடையை, தலையாட்டினதை, கழிவு டின்னை, ஒன்று விடாமல் சொன்னார்.

"அது கருடன் இல்ல. பம்மல்ல வாங்கின நாட்டுக்கோழி. நான்தான் இன்ஜினுக்குள்ள திணிச்சேன்."

 தேசிகன் கைகுவித்தபடி எழுந்தார்.

"பெருமாள் பன்னியா அவதாரம் எடுத்து வந்தப்போ சேவிச்சோமே, கோழியா வந்தா மட்டும் நமக்குக் கசக்குமா? சார் எவ்வளவு அடக்கமா சொல்றார் பாருங்கோ. பாக்கியம் பண்ணினவாளுக்குத்தான் இந்தப் பணிவு வரும்."

கைதட்டினார்கள். அம்சவேணி கண்ணைத் துடைத்துக்கொண்டாள். வீட்டுக்கு வந்ததும், "அப்ப நான் இத்தன நாள் கும்பிட்டது கோழியவா?" என்று கேட்டாள், "ஆமா" என்றார், கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "பரவால்லங்க, வெளிய சொல்லிக்காதீங்க" என்று விளக்குக்கு எண்ணெய் விட்டாள்.

ஆயுத பூஜையன்று விமான நிலையத்தில் மதுரை வண்டியை வாழைக்கன்றும் செவ்வந்தி மாலையுமாக ஜோடித்து நிறுத்தியிருந்தார்கள். சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம், மூக்குக்கு நேரே பூசணிக்காய், சந்தனம், சூடம். பயணிகள் எல்லாரும் ஏறி உட்கார்ந்தாயிற்று. இன்ஜினை முடுக்கி, கருடன் கண்முன்னால் வண்டி கிளம்பினால்தான் விசேஷம் என்று சேர்மன் சொல்லியிருந்தார். சன்னல்களில் முகங்கள் ஒட்டிக்கொண்டு பறவையைத் தேடின. ஒரு பெண் கைக்குழந்தையின் இரண்டு கையையும் பிடித்துச் சேர்த்துக் கும்பிட வைத்துக்கொண்டிருந்தாள். வெள்ளித்தட்டில் பறவையை ஏந்திக்கொண்டு நின்றது புண்ணியகோடி. தேசிகன் சுலோகம் சொன்னார், சேர்மன் பூசணியை உடைத்தார், எல்லாரும் ஒதுங்கி நின்றார்கள். எதிர்ப்பக்க இன்ஜின் முதலில் பிடித்தது. பிறகு வெடிப்பு விட்ட இந்தப்பக்கத்து இன்ஜின் மெல்லச் சுழன்று, சீறி, ஊளையிட ஆரம்பித்தது.

சூடத் தீபம் அந்த இன்ஜின் பக்கமாகச் சாய்ந்து அணைந்தது. புண்ணியகோடி பறவையைப் பார்த்தார். வழக்கமாக அவரையே பார்க்கும் அது, முதல் தடவையாக வேறு பக்கம், இன்ஜினைப் பார்த்துக்கொண்டிருந்தது. அவர் நடந்தார். பறவையை இன்ஜினுக்குக் காட்டி ஆசி வாங்கப் போகிறார் என்று கூட்டம் நினைத்தது. தரைப் பணியாளர்கள்தான் முதலில் கத்தினார்கள்; அவர்களுக்குத் தெரியும், ஓடுகிற இன்ஜின் வாய்க்கு அருகில் போனால் ஆளையே உறிஞ்சிவிடும். அவர் சட்டை முன்பக்கமாகப் பறந்தது. மூக்குக்கண்ணாடி கழன்று போயிற்று. எங்கே நின்றால் காலூன்றலாமோ அந்த இடம்வரைக்கும் போய் நின்று, தட்டைக் கீழே போட்டுவிட்டு, இரண்டு கையாலும் அந்த இளஞ்சூடான, வழவழத்த உடம்பைத் தூக்கி இன்ஜின் வாய்க்குள் எறிந்தார்.

எறிந்த கை நீண்டிருக்கும்போதே அது ஒரு நொடி பறந்தது. இறக்கை இல்லாமல்தான் பறந்தது, ஆனால் பறந்தது என்று அவர் கடைசிவரைக்கும் சொன்னார். டமாரென்று ஒரு சத்தம், ஒரு நெருப்பு நாக்கு, களைத்துப்போன பிளேடுகள் ஒன்றையொன்று தின்னும் கரகரப்பு. பைலட் எல்லாவற்றையும் அணைத்தார். விமானம் நின்ற இடத்திலேயே நின்றது. சன்னலில் கைக்குழந்தை வீறிட்டு அழுதது, நன்றாக, உயிரோடு அழுதது.

கூட்டம் ஓடிவந்தது. அவரை அடிக்கத்தான் வருகிறார்கள் என்று நினைத்தார். அவர்கள் அவரைத் தாண்டிப் போனார்கள். தார்த்தரையில் தெறித்துக்கிடந்த மஞ்சள் தோல் துணுக்குகளைக் குனிந்து பொறுக்கினார்கள், முந்தானையில் முடிந்துகொண்டார்கள், ரத்தத்தைத் தொட்டு நெற்றியில் இட்டுக்கொண்டார்கள், ஒருவர் வாயில் போட்டுக்கொண்டதையும் அவர் பார்த்தார். தேசிகன் வானத்தைக் காட்டி, "ஆகாசமா எழுந்தருளிட்டார்! நான் பார்த்தேன்! நான் பார்த்தேன்!" என்று கத்த, மற்றவர்களும் பார்த்துவிட்டார்கள். புண்ணியகோடி சக்கரத்தடியில், எலுமிச்சம்பழங்களுக்கு நடுவே உட்கார்ந்து, இத்தனை மாதம் விழுங்கினதையெல்லாம் வாந்தி எடுத்தார்.

கருடாழ்வாரைத் தங்கள் இன்ஜின் அரைத்துவிட்டது என்று எந்தக் கம்பெனி எழுதும்? எழுதினால் பக்தர்கள் அலுவலகத்தைக் கொளுத்திவிடுவார்கள். சேர்மன் அன்று மாலையே அறிக்கை விட்டார்: பகவான் விண்ணேறினார், இன்ஜின் உடைந்ததற்கும் அவருக்கும் சம்பந்தமில்லை, அது பழைய பிளேடின் கோளாறு, நிர்வாகத்தின் அலட்சியமே காரணம். பிளேடு என்று எழுதியாகிவிட்டதால் அந்த மாடல் விமானங்கள் அத்தனையும் அன்றைக்கே நிறுத்தப்பட்டன. ஒவ்வொரு இன்ஜினாகத் திறந்து பார்த்த பெஞ்சமின் தரையில் உட்கார்ந்து அழுதார். எல்லாவற்றையும் மாற்றினார்கள். நிர்வாகத்தின் அலட்சியம் என்பதற்கு ஓர் ஆள் வேண்டியிருந்தது, அதற்குப் புண்ணியகோடி இருந்தார்.

விசாரணைக்கு அதே அதிகாரிதான் வந்தார். இந்தத் தடவை குளிர்சாதன அறையில் உட்கார்ந்திருந்ததால் கைக்குட்டை தேவைப்படவில்லை.

"பிளேடு பழசுன்னு தெரிஞ்சும் ஓட்டினீங்களா?"

"ஓட்டினேன்."

"சரி. அன்னைக்கு இன்ஜின் எப்படி உடைஞ்சது?"

"பறவை மோதிச்சு சார். நான்தான்..."

அப்போது கட்டடத்தின் மேல் ஒரு விமானம் போயிற்று. புண்ணியகோடி நிறுத்தினார், காத்திருந்தார், சன்னல் கண்ணாடி அதிர்ந்து அடங்கியதும் விட்ட சொல்லிலிருந்து பிடித்துக்கொண்டார்.

"நான்தான் என் ரெண்டு கையால எறிஞ்சேன். பறவைதான் இன்ஜின்ல போச்சு. இது சத்தியம்."

அதிகாரி எழுதவில்லை. பேனாவை மூடிவிட்டு, அழுக்குத் துணியைப் பார்ப்பதுபோல் அவரைப் பார்த்தார்.

"போதும் சார். உங்க தப்ப மறைக்க எத்தன தடவதான் ஒரு வாயில்லா ஜீவன் மேல பழி போடுவீங்க? வெக்கமா இல்ல?"